செவுரு தாங்குமா தம்பி?

ஆதம்பாக்கத்தில் ஒரு மாடி போர்ஷன். போன ஏப்ரல் கடைசி. இன்டோர் யூனிட்டுக்குத் தகடு அடிக்க டிரில்லிங் மெஷினைக் கையில் எடுத்தேன். கட்டிலில் உட்கார்ந்திருந்த அம்மாவுக்கு எண்பது வயது இருக்கும். கையைக் காட்டி நிறுத்தினார். "ஒன்றரை டன்னுன்னு பேரன் சொன்னான். இந்தச் செவுரு தாங்குமா தம்பி? பழைய செவுரு."

என்னோடு வரும் பையன் சிரித்துவிட்டான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இருபத்தேழு வருஷமாக ஏ.சி. மாட்டுகிறேன். டன் என்றால் என்ன என்று கேட்டவர்களை இரண்டு கை விரலுக்குள் எண்ணிவிடலாம். மற்றவர்கள் தெரிந்த மாதிரியே பேசுவார்கள். "ஒன்றரை போதுமா, ரெண்டாப் போட்டுடலாமா?" அந்த அம்மாவுக்கு மட்டும்தான் சந்தேகம் வந்தது.

"பன்னண்டு கிலோதாம்மா, தாங்கும்" என்று சொல்லிவிட்டு ஓட்டை போட்டேன். டன் இப்போது எடைக் கணக்கு இல்லை. ஆனால் பிறந்தது எடைக் கணக்கில்தான். குளங்களில் உறைந்த பனிக்கட்டியை வெட்டியெடுத்து விற்ற காலத்துச் சொல் அது. அமெரிக்கக் கணக்கில் ஒரு டன் 2,000 பவுண்டு, அதாவது 907 கிலோ. அவ்வளவு பனிக்கட்டி 24 மணி நேரத்தில் கரைந்து முடியும்போது சுற்றியிருக்கும் சூட்டை எவ்வளவு குடிக்குமோ அதுதான் ஒரு டன் குளிர்ச்சி. வாட்டில் சொன்னால் 3,517. ஐம்பது கிலோ ஐஸ் பார் என்று வைத்துக்கொண்டால், பதினெட்டு பாரை அறைக்குள் அடுக்கி ஒரு நாளில் கரைய விடுவதற்குச் சமம். சென்னைக்காரர்களுக்கு இந்த வியாபாரம் அந்நியமும் இல்லை. கடற்கரைச் சாலையில் விவேகானந்தர் இல்லம் என்று நிற்கிற கட்டடம், பாஸ்டன் வியாபாரி பிரெடரிக் டியூடர் கப்பலில் மரத்தூளுக்குள் புதைத்து அனுப்பிய பனிக்கட்டியை இறக்கி வைக்க 1842ல் கட்டிய கிடங்கு. இன்றைக்கும் ஐஸ் ஹவுஸ் என்றால்தான் ஆட்டோக்காரருக்குச் சட்டென்று விளங்கும்.

பத்துக்குப் பன்னிரண்டு அறைக்கு இப்படி எத்தனை ஐஸ் பார் வேண்டும்? இந்தக் கேள்விக்கு நம் ஊரில் ஒரே பதில்தான். "எதுக்கும் ஒரு சைஸ் பெருசாவே இருக்கட்டும்."

வளர்கிற பிள்ளைக்குச் சட்டை தைக்கும்போது நாம் அப்படித்தான் சொல்வோம். அடுத்த வருஷத்துக்கும் ஆகும். ஆனால் அறை வளராது. ஏ.சி.க்குள் மீந்து கிடக்கும் அரை டன்னை அடுத்த வருஷம் எடுத்து உடுத்தவும் முடியாது. வாங்கும்போது ஒரு தரம் கூடுதலாகப் பணம் கொடுக்கிறோம், பிறகு ஒவ்வொரு ராத்திரியும் அதன் தொல்லையை அனுபவிக்கிறோம்.

இந்தப் பழக்கத்துக்கு வாடிக்கையாளரை மட்டும் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. நானும் வருஷக்கணக்காகப் பெரிதாகத்தான் போடச் சொன்னேன். காரணம் எளிது. சின்னதாகப் போட்ட வீட்டிலிருந்து கத்திரி வெயில் நாளில் ராத்திரி பத்து மணிக்கு போன் வரும். "என்னப்பா, காத்தே ஜில்லுன்னு வரல." பெரிதாகப் போட்ட வீட்டிலிருந்து அந்த போன் வராது. அங்கே வருகிற தொல்லை வேறு ரகம். துணியில் நாற்றம், தலையணையில் ஈரம், கரண்ட் பில். அதற்கெல்லாம் யாரும் ஏ.சி. மெக்கானிக்கைத் திட்டுவதில்லை. மழையைத் திட்டுவார்கள், மின்வாரியத்தைத் திட்டுவார்கள், சலவை செய்கிற பெண்ணைத் திட்டுவார்கள். கடைக்காரருக்கும் கம்பெனிக்காரருக்கும் இது நன்றாகத் தெரியும். எங்கள் தொழிலில் திட்டு வராத பக்கம் எதுவோ அதுதான் சரியான சைஸ்.

என் புத்தியை மாற்றியது மடிப்பாக்கத்தில் ஒரு வீடு. 2016 என்று நினைவு. தபால் துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மூன்று மாடிக் கட்டடத்தில் முதல் மாடி. படுக்கையறை பத்துக்குப் பத்து. மேலேயும் வீடு, கீழேயும் வீடு, மேற்குப் பக்கம் அடுத்த கட்டடத்தின் நிழல். வெளியூரில் வேலை பார்க்கும் மகன் அப்பா அம்மா சுகமாக இருக்கட்டும் என்று இரண்டு டன்னில், ஐந்து ஸ்டார் போட்டது ஒன்றை வாங்கி அனுப்பியிருந்தார். இன்வெர்ட்டர் இல்லாத பழைய வகை. ஓடினால் முழு வேகம், இல்லையென்றால் நிற்கும்.

புகார் விநோதமாக இருந்தது. "ரூம் ஜில்லுன்னுதான்ப்பா இருக்கு. ஆனா உடம்பு பிசுபிசுங்குது. 20ல வெச்சாக் கால் மரத்துப்போவுது, 24ல வெச்சா வேர்க்குது." அவர் மனைவி பீரோவைத் திறந்து காட்டினார். பட்டுப் புடவையின் மடிப்பில் சாம்பல் பூத்த மாதிரிப் பூஞ்சை. எனக்கு முன்னால் வந்து பார்த்தவர் இரண்டு தரம் கேஸ் அடித்துவிட்டுப் போயிருக்கிறார். கேஜை மாட்டிப் பார்த்தேன். கேஸ் சரியாகவே இருந்தது.

அன்றைக்கு எனக்கு வேறு வேலை இல்லை. பால்கனியில் டிரெயின் பைப் விழும் இடத்தில் ஒரு பிளாஸ்டிக் வாளியை வைத்துவிட்டு, காபி குடித்தபடி கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கம்ப்ரசர் நாலு நிமிஷம் ஓடும், கட் ஆஃப் ஆகும். பத்துப் பன்னிரண்டு நிமிஷம் நிற்கும். திரும்ப நாலு நிமிஷம். நாலு நிமிஷத்தில் அறைக் காற்றின் சூடு இறங்கிவிடுகிறது, சென்சார் போதும் என்கிறது. ஒரு மணி நேரம் கழித்து வாளியைச் சாய்த்துப் பார்த்தேன். கால் லிட்டர் கூடத் தேறவில்லை. ஆகஸ்ட் மாத மடிப்பாக்கத்தில், காற்றையே பிழியலாம் போலிருந்த ஒரு சாயங்காலத்தில், இரண்டு டன் ஏ.சி. கறந்த தண்ணீர் அவ்வளவுதான்.

ஏ.சி.க்கு இரண்டு வேலை. ஒன்று காற்றின் சூட்டை இறக்குவது, மற்றது காற்றில் இருக்கிற ஈரத்தைப் பிரித்து எடுப்பது. சரித்திரத்தைப் பார்த்தால் இரண்டாவதுதான் மூத்த வேலை. 1902ல் வில்லிஸ் கேரியர் தன் முதல் ஏற்பாட்டை வரைந்தது மனிதர்கள் குளிர்ச்சியாகத் தூங்குவதற்காக அல்ல. நியூயார்க்கின் புரூக்ளினில் ஓர் அச்சகத்தில் ஈரத்தால் காகிதம் உப்பி, வண்ணங்கள் ஒன்றோடொன்று பொருந்தாமல் விலகின. அந்த ஈரத்தைக் கட்டுப்படுத்தவே அவரைக் கூப்பிட்டார்கள். அந்த அச்சகத்தின் காகிதத்துக்கு நேர்ந்ததுதான் மடிப்பாக்கத்துப் பட்டுப் புடவைக்கும் நேர்ந்தது.

ஈரம் இறங்க நேரம் வேண்டும். காயில் முதலில் நன்றாகக் குளிர வேண்டும், அதில் நீர் முத்து முத்தாகக் கட்ட வேண்டும், முத்துகள் சேர்ந்து வழிந்து தட்டில் விழுந்து பைப் வழியாக வெளியே போக வேண்டும். நாலு நிமிஷத்தில் முத்து கட்டுகிறது, வழிவதற்குள் கம்ப்ரசர் நின்றுவிடுகிறது. ஃபேன் மட்டும் ஓடிக்கொண்டே இருக்கிறது. ஈரக் காயில்மேல் காற்று வீசினால் என்ன ஆகும்? கொடியில் போட்ட துணிக்கு ஆவதுதான். கட்டிய நீர் திரும்ப அறைக்குள்ளேயே போய்விடும். ஒரு லிட்டர் தண்ணீரைக் காற்றிலிருந்து பிரித்தெடுக்கச் சுமார் 680 வாட் வீதம் ஒரு மணி நேரம் குளிர்ச்சி செலவாகிறது. இரண்டு டன் மெஷினில் 7,000 வாட் இருக்கிறது. சக்திக்குக் குறைவே இல்லை. அந்த அறையில் அதற்கு ஓட இடம்தான் இல்லை.

அதே வீட்டின் ஹாலில் பழைய ஒரு டன் ஏ.சி. ஒன்று மூச்சு வாங்கிக்கொண்டிருந்தது. ஹால் பெரியது, சமையலறைக்கு நடுவே கதவும் கிடையாது. குக்கர் விசில் அடித்தால் ஏ.சி. தோற்றுவிடும். இரண்டையும் இடம் மாற்றிப் போட்டேன். பெரியவருக்கு மனசு ஆறவில்லை. "அப்ப என் பையன் வாங்கினது தப்பாப்பா?" என்றார். "ஏ.சி. சரிதான் சார், அது போன ரூம்தான் தப்பு" என்றேன். அன்று ராத்திரி படுக்கையறையில் அதே வாளியை வைத்தோம். பழைய ஒரு டன் முதல் ஒரு மணி நேரத்தில் முக்கால் லிட்டருக்குக் கொஞ்சம் மேலேயே கொடுத்தது. ஒரு வாரம் கழித்து போன் செய்தார். 26ல் வைத்து, மின்விசிறியை இரண்டில் ஓடவிட்டுப் போர்வையோடு தூங்குவதாகச் சொன்னார்.

2020லிருந்து புதிய ஏ.சி.கள் சுவிட்ச் போட்டதும் 24 டிகிரியில் நிற்க வேண்டும் என்று விதி வந்திருக்கிறது. நல்ல விதி. ஆனால் ஈரம் இறங்காத அறையில் 24ஐ யாரும் தாங்க மாட்டார்கள். ரிமோட்டை எடுத்து 20, 18 என்று அழுத்திக்கொண்டே போவார்கள். பில் ஏறும். வீட்டு இணைப்புக்கு இரண்டு மாதத்துக்கு ஒரு முறை வருகிற கணக்கில் 500 யூனிட்டைத் தாண்டினால் கீழ்ப் படிகளில் கிடைத்த சலுகையும் சுருங்கிவிடும் என்பதை ஒவ்வொரு கோடையிலும் வாடிக்கையாளர்கள் எனக்குத்தான் புலம்பிச் சொல்கிறார்கள்.

சரி, எப்படித்தான் அளவு பார்ப்பது? கடைகளில் ஒரு அட்டவணை தொங்கும். 120 சதுர அடி வரை ஒரு டன், 180 வரை ஒன்றரை, அதற்கு மேல் இரண்டு. கடைக்குக் கடை எண்கள் கொஞ்சம் மாறும், முறை ஒன்றுதான். நீளத்தையும் அகலத்தையும் பெருக்கு, கட்டத்தைப் பார், பில் போடு.

என் நோட்டில் இருக்கிற ஒரு கணக்கைச் சொல்கிறேன். ஒரே கட்டடம், ஒரே அளவு அறை, பத்துக்குப் பன்னிரண்டு. ஒன்று இரண்டாவது மாடியில், மற்றது கடைசி மாடியில். இரண்டுக்கும் மேற்குச் சுவர் உண்டு. மே மாதச் சாயங்காலம் ஏழு மணி. சுவர் வழியாகச் சுமார் 350 வாட் சூடு உள்ளே வரும். உட்கார்ந்திருக்கிற ஆள் ஒருவர் 100 வாட் பல்பு மாதிரி. மூன்று பேர் என்றால் 300. டிவி, விளக்கு, மின்விசிறி சேர்த்து 180. கதவிடுக்கிலும் ஜன்னல் சந்திலும் புகுகிற ஈரக் காற்றுக்கு ஒரு 220. ஏ.சி. இல்லாத பக்கத்து அறைகளின் சுவர்களிலிருந்து 350. மொத்தம் 1,400. அரை டன்னுக்கும் கீழே! இரண்டாவது மாடிக்கு வேலை இத்துடன் முடிந்தது. கடைசி மாடிக்கு இன்னும் ஒரு வரி பாக்கி இருக்கிறது. வெறும் கான்கிரீட் தளம். அந்த 120 சதுர அடித் தளம் மட்டும் ஆயிரத்திலிருந்து 1,400 வாட் வரை இறக்கும். மற்றதெல்லாம் சேர்ந்து தருவதைக் கிட்டத்தட்ட ஒற்றை ஆளாகத் தருகிறது. அட்டவணைக்கு இரண்டும் 120 சதுர அடிதான்.

மேற்கு ஜன்னலை இதில் சேர்க்கவில்லை. நாலுக்கு நாலு கண்ணாடியில் நேர் வெயில் அடித்தால் 600 வாட்டுக்கு மேல் உள்ளே இறங்கும். அது நாலு, நாலரை மணிக் கதை. தளத்தின் கதை வேறு. கான்கிரீட்டும் அதன்மேல் போட்ட ஓடும் மத்தியானம் வாங்கிய வெயிலை மெதுவாகக் கீழே விட்டு, இருட்டிய பிறகுதான் முழுசாக அறைக்குள் கொண்டுவந்து கொட்டும். இரண்டு உச்சமும் ஒரே நேரத்தில் வராததால் இரண்டையும் அப்படியே கூட்டிவிடக் கூடாது. கூட்டிக் காட்டி இரண்டு டன்னைத் தலையில் கட்டுகிறவர்கள் இருக்கிறார்கள்.

பெருங்குடியில் ஒரு அபார்ட்மென்ட், நாலாவது மாடி, அதற்கு மேல் வானம். இளம் தம்பதி, கைக்குழந்தை, பிரசவம் பார்க்க ஊரிலிருந்து வந்த மாமியார். அறை 120 சதுர அடி. அட்டவணைப்படி ஒரு டன் வாங்கியிருந்தார்கள். ராத்திரி ஒன்பது மணிக்கு ரிமோட்டில் 22, அறையில் 29. குழந்தைக்கு வேர்க்குரு. விற்ற கடையில் கேட்டதற்கு, "இதைக் கொடுத்துட்டு ஒன்றரையா எடுத்துக்குங்க, வித்தியாசத்தைக் கட்டினாப் போதும்" என்றார்களாம். எட்டு மணிக்குப் போனேன். வெப்பமானித் துப்பாக்கியைத் தளத்தின் அடிப்பக்கம் நீட்டினால் 41 டிகிரி. அந்த அறையில் இருந்தவர்கள் மிதமாகச் சுட்ட தோசைக்கல்லுக்குக் கீழே படுத்திருந்தார்கள். ஏ.சி. நன்றாகத்தான் வேலை செய்தது. அதனிடம் இருந்த ஒரு டன்னில் பெரிய பங்கைத் தளமே தின்றுகொண்டிருந்தது.

ஏ.சி.யை மாற்ற வேண்டாம், முதலில் தளத்தைப் பாருங்கள் என்றேன். அவர்கள் வீட்டுக்கு மேலே மட்டும் வெயிலைத் திருப்பி அனுப்பும் வெள்ளைப் பூச்சு அடிப்பது, ஜன்னலுக்கு வெளியே மூங்கில் தட்டி கட்டுவது. திரை உள்ளே போட்டால் வெயில் கண்ணாடியைத் தாண்டி வந்தபிறகு தடுப்பதாகும், அதனால் வெளியே. அசோசியேஷன் செகரட்டரி ஒத்துக்கொள்ளவில்லை. "ஒரு வீட்டுக்கு மட்டும் வெள்ளை அடிச்சா மாடி பார்க்க ஒட்டுப் போட்ட மாதிரி இருக்கும்." மொட்டை மாடியை யார் பார்க்கிறார்கள், காக்காயா? மாமியார் நேரில் போய்ப் பேசிய பிறகு காரியம் நடந்தது. என்ன பேசினார் என்று எனக்குத் தெரியாது. பூச்சு அடித்த பிறகு ஒரு நாள் அதே எட்டு மணிக்குப் போய் அளந்தேன். 36. அதே ஒரு டன் 26க்கு இறங்கி, அவ்வப்போது நின்று மூச்சும் விட்டது. பூச்சுக்கு ஆன செலவில் புது ஏ.சி.யின் அவுட்டோர் யூனிட் கூட வராது.

இதைச் சொன்னால் சிலருக்குக் கோபம் வருகிறது. ஏ.சி. மெக்கானிக் ஏன் கொத்தனார் வேலை பேசுகிறான்? ஏனென்றால் கொத்தனார் வேலையில் விட்டதைத்தான் என்னை வைத்துச் சரிக்கட்டுகிறீர்கள். பழைய மெட்ராஸ் வீடுகளில் தேக்குக் கட்டைமேல் செங்கல்லைச் சாய்த்து அடுக்கி, அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து நாள்கணக்கில் இடித்து, தட்டோடு பதித்துத் தளம் போட்டார்கள். அந்த வீடுகளில் மே மாதத்தில் கட்டிலை ஹாலில் போட்டுத் தூங்கியிருக்கிறேன். இப்போது ஐந்து அங்குலம் கான்கிரீட் ஊற்றி, மேலே கொஞ்சம் பூசிவிட்டு, "ஏ.சி. பாயின்ட் எல்லா ரூம்லயும் இருக்கு சார்" என்று விற்கிறார்கள். மத்திய அரசின் எகோ நிவாஸ் சம்ஹிதா என்ற வீட்டுக் கட்டட விதித் தொகுப்பு 2018லேயே, கூரை ஒரு சதுர மீட்டருக்கு ஒரு டிகிரி வித்தியாசத்துக்கு 1.2 வாட்டுக்கு மேல் சூட்டைக் கடத்தக் கூடாது என்று எழுதி வைத்திருக்கிறது. சாதாரண வெறும் கான்கிரீட் தளம் அதைப்போல் மூன்று மடங்கு வரை கடத்தும். ஃப்ளாட் வாங்கும்போது நீச்சல் குளம் இருக்கிறதா, லிஃப்ட் எத்தனை என்று கேட்கிறவர்கள், கடைசி மாடி என்றால் தளத்துக்கு மேலே என்ன போட்டிருக்கிறீர்கள் என்று ஒரு வார்த்தை கேட்டுவிட்டு அட்வான்ஸ் கொடுக்கலாம்.

"அதெல்லாம் பழைய காலம், இப்ப எல்லாம் இன்வெர்ட்டர், பெருசா வாங்கினாலும் தானா குறைச்சுக்கும்" என்பது இன்றைய கடைப் பேச்சு. பாதி உண்மை. இன்வெர்ட்டர் கம்ப்ரசர் வேகத்தைக் குறைத்துக்கொண்டு விடாமல் ஓடும், அதனால் ஈரமும் நன்றாக இறங்கும். என் வீட்டிலும் இன்வெர்ட்டர்தான். ஆனால் அதற்கும் ஒரு தரை உண்டு. ஒரு அளவுக்குக் கீழே இறங்க முடியாது, இறங்க வேண்டுமென்றால் நிற்க வேண்டியதுதான். இரண்டு டன் இன்வெர்ட்டர் மூன்றில் ஒரு பங்காகக் குறைந்தாலும் 2,300 வாட். மேலே சொன்ன இரண்டாவது மாடி அறைக்கு ஏழு மணிக்கே 1,400தான் தேவை, விடியற்காலையில் அதிலும் பாதி. அப்புறம் மடிப்பாக்கம் கதைதான், கொஞ்சம் நாகரிகமாக. ஒரு மெஷின் எவ்வளவு தூரம் குறையும் என்று கடையில் கேட்டுப் பாருங்கள். வைஃபையில் ஓடுமா, ரிமோட்டில் பேசுமா என்பதற்கெல்லாம் பதில் வைத்திருக்கிறவர் இதற்கு மட்டும் மேனேஜரைக் கூப்பிடுவார்.

ஸ்டார் ஒட்டியிருக்கிற அந்த லேபிளையும் கொஞ்சம் குனிந்து படியுங்கள். ஸ்டாருக்குக் கீழே குளிர்ச்சித் திறன் வாட்டில் இருக்கும், முழுத் திறன் ஒன்று, பாதித் திறன் ஒன்று. கணக்குப்படி ஒன்றரை டன் என்றால் 5,275 வாட். பெட்டியில் ஒன்றரை என்று எழுதியதில் 4,800ம் உண்டு, 5,200ம் உண்டு. இந்த வாட்டும் வெளியே 35 டிகிரி இருக்கும்போது அளந்தது. வெளியே 41 என்றால் குறையும். கம்பி போட்டு மூடிய பால்கனிக்குள் அவுட்டோரை வைத்து, அது விட்ட சூட்டை அதையே குடிக்க வைத்தால் இன்னும் குறையும். லேபிளில் போட்டிருக்கும் வருஷ யூனிட் 1,600 மணி நேரத்துக்கு. ராத்திரி எட்டு மணி நேரம் ஓட்டினால் இருநூறு நாளில் அது தீர்ந்துவிடும். சென்னையில் இருநூறு நாளோடு நிறுத்துகிறவரை நான் பார்த்ததில்லை.

எல்லா இடத்திலும் சின்னதாகப் போடு என்று நான் சொல்லவில்லை. எனக்குச் சொந்த ஊர் விருதுநகர் பக்கம். அங்கே காற்றில் ஈரம் கம்மி, வெயில்தான் எமன். அங்கே அரை டன் கூடுதலாகப் போட்டால் பிசுபிசுப்பு வராது, மிஞ்சிப்போனால் காசு வீண். கதவில்லாத சமையலறையோடு சேர்ந்த ஹால், மாடிப்படி உள்ளேயே ஏறுகிற வீடு, நாள் முழுக்கக் கதவு திறந்து மூடுகிற கிளினிக், இங்கெல்லாம் தாராளமாகவே போடுங்கள். படிக்கட்டு இருக்கிற ஹாலில் மாடியை யார் குளிர வைத்தாலும் குளிர் கீழேதான் இறங்கும். கீழே இருக்கிறவர் ஏ.சி. போடாமலே சுகமாக இருப்பார், மேலே இருக்கிறவர் பில் கட்டுவார். அண்ணன் தம்பி வீடு என்றால் இதில் தகராறும் வரும். வந்திருக்கிறது.

எனக்குப் பெரிய குறை ஒன்றுதான். வீட்டுக்கு வந்து அறையைப் பார்க்கிற முதல் ஆள் யார்? நாங்கள்தான். எப்போது வருகிறோம்? பணம் கட்டி, பெட்டி வந்து இறங்கி, அட்டையைப் பிரித்த பிறகு. மேற்குச் சுவரை நான் தொட்டுப் பார்க்கும்போது தவணையின் முதல் மாதம் ஓட ஆரம்பித்திருக்கும். "இது இந்த ரூமுக்குப் பெருசு சார்" என்று அப்போது சொன்னால் என்ன பிரயோஜனம்? சட்டையைத் தைத்துக் கொடுத்துவிட்டு அளவெடுக்கிற தையல்காரரை எங்கேயாவது பார்த்திருக்கிறீர்களா? ஏ.சி. விற்பனையில் அதுதான் நடைமுறை. நாற்பதாயிரம் ரூபாய்ப் பொருளை விற்கிற கடை, இருநூறு ரூபாய் செலவில் ஒரு பையனை டேப்போடு அனுப்பி வைக்கலாம். ஆள் அனுப்ப முடியாத ஆன்லைன்காரர்கள் "வாங்கு" பொத்தானை அழுத்தும் முன்னால் நாலு கேள்வி கேட்கலாம். மேலே வீடா, வானமா? மத்தியானத்துக்கு மேல் எந்தச் சுவரில் வெயில்? எத்தனை பேர் தூங்குகிறார்கள்? அந்த அறையில் அடுப்பு உண்டா? சதுர அடியை ஐந்தாவதாகக் கேட்டால் போதும். சந்தையில் முக்கால் டன், 0.8 டன் மெஷின்களும் இருக்கின்றன. அவற்றைக் கடைகளின் மூலையில் கூடத் தேடித்தான் பிடிக்க வேண்டியிருக்கிறது. கேட்கிற ஆள் இல்லை என்கிறார்கள். காட்டினால்தானே கேட்பார்கள்.

ஆதம்பாக்கத்து அம்மாவிடம் திரும்பி வருகிறேன். தகடு அடித்து முடித்து, பைப்புக்கு ஓட்டை போட்டு, இன்டோரை ஏற்றினோம். அறை பத்துக்குப் பதினொன்று. அட்டவணைப்படி ஒன்றரை டன் அதிகம். சொல்லலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே பையனை அவுட்டோரோடு மாடிக்கு அனுப்பினேன்.

"மேல என்னம்மா இருக்கு? மொட்டை மாடிதானா, ஷெட் ஏதாவது போட்டிருக்கா?"

"ஒண்ணும் கிடையாது. வெட்ட வெளி. முந்தியெல்லாம் மேல வடாம் போடுவேன். காலையில பிழிஞ்சா சாயங்காலமே டப்பாவுல கொட்டிடலாம். இந்தத் தெருவுலயே எங்க மாடியிலதான் வடாம் ஒரே நாள்ல காயும் தம்பி."

ஒன்றரை சரிதான் என்று நோட்டில் எழுதிக்கொண்டேன்.